குளியல்தொட்டியும் மஞ்சள் வில்லையும்: ஊடகப் பகடி எதைத் தாக்க வேண்டும்?

2018 பிப்ரவரி 24 அன்று நடிகை ஸ்ரீதேவி துபாயில் காலமானார். விடுதி அறையின் குளியல்தொட்டியில் சுயநினைவிழந்து மூழ்கியதால் நேர்ந்த மரணம் என்று துபாய் அதிகாரிகள் சில நாள்களில் அறிவித்து விசாரணையை முடித்துக்கொண்டனர். அந்தச் சில நாள்கள் இந்தியச் செய்தித் தொலைக்காட்சிகளுக்குப் போதுமானவையாக இருந்தன. ஓர் அலைவரிசை குளியல்தொட்டியின் வரைகலைப் படத்தைத் திரையில் நிறுத்தி, இறந்தவரின் உருவத்தை அதற்குள் கிடத்தியது. இன்னொன்றில் நெறியாளரே தொட்டியின் அருகில் நிற்பதுபோல் காட்டப்பட்டார். தெலுங்குச் செய்தியாளர் ஒருவர் தொட்டிக்குள் படுத்து, மரணம் எப்படி நேர்ந்திருக்கலாம் என்று செய்து காட்டினார். பார்வையாளர்கள் பலர் முகம் சுளித்தனர். ‘செய்தியின் மரணம்’ என்று பொருள்படும் இந்தி ஹேஷ்டேக் ஒன்று சமூக ஊடகங்களில் பரவியது. பிறகு எல்லாம் பழையபடி ஆயிற்று.

இத்தகைய ஒவ்வொரு நிகழ்வுக்குப் பின்னும் ஒரு வாக்கியம் திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது: ‘செய்தியே பகடியாகிவிட்டது, இனிப் பகடிக்கு என்ன வேலை?’ பல்கலைக்கழகக் கருத்தரங்குகளிலும் இந்த வாக்கியம் சற்றே கனமான கலைச்சொற்களை அணிந்துகொண்டு வலம் வருகிறது. கேட்பதற்கு அது கூர்மையான அவதானிப்பாகத் தோன்றும். உண்மையில் அது ஒரு சோர்வின் வெளிப்பாடு. பகடிக்கு வேலை இல்லாமல் போகவில்லை. இந்தியத் தொலைக்காட்சியில் பகடி என்று வழங்கப்படுவது பெரும்பாலும் தவறான இலக்கைத் தாக்கிக்கொண்டிருக்கிறது என்பதே சிக்கல். அது பிரபலங்களைக் கேலி செய்கிறது. பிரபலத்தின் சொல்லை நம்பத்தக்கதாக மாற்றும் ஏற்பாட்டை அது தொடுவதே இல்லை.

இந்த வேறுபாட்டைச் சொல்லத் தமிழ் இலக்கணத்திலேயே ஒரு கருவி இருக்கிறது. தொல்காப்பியம் செய்யுளியலில் அங்கதத்தை இரண்டாகப் பகுக்கிறது: செம்பொருள் அங்கதம், பழிகரப்பு அங்கதம். முன்னது வெளிப்படையாகப் பழிப்பது. பின்னது பழியை மறைத்து வைத்துச் சொல்வது. அதியமானின் தூதாகச் சென்ற ஔவையார், தொண்டைமானின் படைக்கலக் கொட்டிலைப் புகழ்வதுபோல் பாடிய புறநானூற்றுப் பாட்டைப் பழிகரப்புக்கு உதாரணமாகச் சொல்வது வழக்கம். அவர் தொண்டைமானை ஒரு சொல்லாலும் இகழவில்லை. அவன் பெருமையாகக் காட்டியவற்றையே எடுத்துக்கொண்டு, அந்தப் பெருமை போர்க்களம் காணாத வெறுமை என்று புலப்படுத்தினார். எதிராளியின் மொழியை எதிராளியின் முன்பே முழுவதுமாகப் பேசிக்காட்டுவது பழிகரப்பின் வழி. அரசவைக்கு இது பொருந்தும் என்றால், செய்தி அரங்குக்கு இன்னும் நன்றாகப் பொருந்தும்.

தொலைக்காட்சி வரலாற்றில் இந்த வழியை அதன் எல்லை வரை கொண்டுசென்ற நிகழ்ச்சி இந்தியாவில் தோன்றியது அன்று. பிரிட்டனின் சேனல் 4 அலைவரிசையில் 1997 ஜனவரி முதல் மார்ச் வரை ஆறு பகுதிகளாக ஒளிபரப்பான ‘பிராஸ் ஐ’ அது. அதை உருவாக்கி நடத்தியவர் கிறிஸ் மாரிஸ். வானொலியில் ‘ஆன் தி அவர்’, 1994-இல் பி.பி.சி. 2-இல் ‘தி டே டுடே’ என்று செய்தி வடிவத்தையே பகடி செய்து பழகியவர். ‘தி டே டுடே’யில் செய்தி என்று எதுவும் இருக்காது. செய்திக்குரிய இசை இருக்கும். சுழலும் எழுத்துகள் இருக்கும். நேரலைச் செய்தியாளரை அதட்டும் நெறியாளர் இருப்பார். சொல்லப்படும் வாக்கியங்களுக்கு மட்டும் பொருள் இராது. ஆயினும் சில நொடிகள் பார்வையாளரின் மனம் அதைச் செய்தியாகவே ஏற்றுக்கொள்ளும். அந்தச் சில நொடிகளே நிகழ்ச்சியின் கண்டுபிடிப்பு. செய்தியின் நம்பகத்தன்மையில் பெரும்பங்கு அதன் உள்ளடக்கத்தில் இல்லை, ஓசையிலும் தோரணையிலும் இருக்கிறது என்பதை எந்த ஆய்வுக்கட்டுரையையும்விட விரைவாக அது உணர்த்திவிட்டது.

‘பிராஸ் ஐ’ அடுத்த படிக்குச் சென்றது. அதில் நடிகர்கள் மட்டும் இல்லை; உண்மையான பிரபலங்களும் உண்மையான அரசியல்வாதிகளும் இருந்தார்கள், தாங்கள் எதில் பங்கேற்கிறோம் என்று அறியாமலேயே. போதைப்பொருள் பற்றிய பகுதிக்காக மாரிஸின் குழு ‘கேக்’ என்ற பெயரில் இல்லாத ஒரு போதைப்பொருளைக் கற்பித்தது. அதற்கு எதிராகப் போராடும் இல்லாத அமைப்புகளையும் கற்பித்தது. பிறகு பிரபலங்களை அழைத்து, இளைஞர்களுக்கு எச்சரிக்கை விடுக்குமாறு கேட்டது. கையில் கொடுக்கப்பட்ட மாதிரி, தட்டு அளவுக்குப் பெரிய மஞ்சள் வில்லை. மூளையில் காலத்தை உணரும் பகுதியை அது தாக்கும் என்றார்கள். அந்தப் பகுதிக்கு ஒரு தொலைக்காட்சி நடிகரின் பெயரையும் ஓர் இசைக்கருவியின் பெயரையும் ஒட்டிப் பெயர் வைத்திருந்தார்கள். பிரபலங்கள் அந்தப் பெயரைத் தடுமாறாமல், கவலை தோய்ந்த முகத்துடன் வாசித்தார்கள். அது ‘மேட்-அப்’ மருந்து என்றும் வாசித்தார்கள். அந்த ஆங்கிலத் தொடருக்கு வேதிப்பொருள்களைக் கூட்டிச் செய்தது என்றும் பொருள் கொள்ளலாம். இட்டுக்கட்டியது என்பதே அதன் இயல்பான பொருள். பொய் தன்னைப் பொய் என்று சொல்லிக்கொண்டே அவர்கள் வாயிலிருந்து வெளிவந்தது. ஒருவருக்கும் காதில் விழவில்லை.

இது சிரிப்போடு முடியவில்லை. கன்சர்வேட்டிவ் கட்சி நாடாளுமன்ற உறுப்பினர் டேவிட் அமெஸ், எச்சரிக்கை விடுத்ததோடு நில்லாமல், ‘கேக்’ பற்றி நாடாளுமன்றத்தில் எழுத்துவழிக் கேள்வியும் எழுப்பினார். உள்துறையிலிருந்து பதிலும் வந்தது. இல்லாத பொருள் ஒன்று அரசு ஆவணத்தில் இடம்பெற்றது. ஓர் உறுப்பினரின் அப்பாவித்தனம் என்று இதைச் சிறுமைப்படுத்திப் பேசுவது எளிது. கேள்வி வேறு: அவர் எதை நம்பினார்? மருந்தியல் சான்று எதையும் அவர் பார்க்கவில்லை. அவர் நம்பியது ஒரு வடிவத்தை. ஒளிப்பதிவுக் கருவி, அக்கறை நிறைந்த குரல், அமைப்பின் பெயர் தாங்கிய சட்டை, ஏற்கெனவே இதே விஷயத்தைப் பேசிவிட்ட பிற பிரபலங்கள். ஒருவர் மற்றொருவரின் நம்பகத்தன்மையைக் கடன்பெற்றார். அந்த மற்றவர் இன்னொருவரிடம் கடன்பெற்றிருந்தார். அந்தச் சங்கிலியின் தொடக்கத்தில் யாரும் இல்லை என்பதே ‘பிராஸ் ஐ’ நிறுவிய உண்மை.

2001 ஜூலை 26 அன்று ஒளிபரப்பான சிறப்புப் பகுதி இன்னும் ஆபத்தான களத்தில் இறங்கியது. முந்தைய ஆண்டு, சிறுமி ஒருத்தி கொல்லப்பட்டதைத் தொடர்ந்து, ‘நியூஸ் ஆஃப் தி வேர்ல்டு’ இதழ் சிறார்மீது பாலியல் குற்றம் புரிந்தோரின் பெயரையும் படத்தையும் வெளியிடும் இயக்கத்தை நடத்தியது. சில ஊர்களில் கும்பல்கள் தெருவில் இறங்கின. வேல்ஸில் குழந்தை மருத்துவர் ஒருவரின் வீட்டுச் சுவரில் வசை எழுதப்பட்டது. அவருடைய பணியைக் குறிக்கும் ஆங்கிலச் சொல், குற்றத்தைக் குறிக்கும் சொல்லோடு ஒலியில் ஒத்திருந்தது அவர் செய்த பிழை. இந்தப் பின்னணியில் மாரிஸின் நிகழ்ச்சி வந்தது. வானொலி அறிவிப்பாளர் ஒருவர் அதில் தோன்றி, இத்தகைய குற்றவாளிகளுக்கு மனிதரைவிட நண்டுகளோடுதான் மரபணு ஒற்றுமை அதிகம் என்றார். இது அறிவியல் உண்மை என்றார். இதற்குச் சான்று எதுவும் இல்லை, ஆயினும் இது அறிவியல் உண்மை என்று அடுத்த மூச்சிலேயே சொன்னார். அவர் கையில் கொடுக்கப்பட்ட தாளில் அப்படித்தான் இருந்தது.

பிரிட்டிஷ் நாளிதழ்கள் கொதித்தன. நிகழ்ச்சியைக் கண்டித்த அமைச்சர்களில் ஒருவர் தாம் அதைப் பார்க்கவில்லை என்பதையும் ஒப்புக்கொள்ள நேர்ந்தது. ஒளிபரப்பு ஒழுங்குமுறை ஆணையம் சேனல் 4 விதிகளை மீறியதாக முடிவுசெய்தது. இவற்றுக்கிடையே ‘டெய்லி ஸ்டார்’ இதழ், நிகழ்ச்சியின் ஆபாசத்தைக் கண்டித்து எழுதிய செய்திக்குப் பக்கத்திலேயே, 15 வயதுப் பாடகி ஒருவரின் உடல் வளர்ச்சியை வியக்கும் படக்குறிப்பை வெளியிட்டது. நிகழ்ச்சி எதைச் சுட்டிக்காட்டியதோ அதை நாளிதழ் தன் கையாலேயே நிரூபித்துத் தந்தது. குழந்தைகளைக் காக்கும் ஆவேசமும் குழந்தைகளை விற்கும் வணிகமும் ஒரே அச்சகத்தில், ஒரே பக்கத்தில் இருக்க முடியும். நிகழ்ச்சியின் இலக்கு குற்றம் அன்று, குற்றத்தால் பாதிக்கப்பட்டோர் அல்லர். அந்தக் குற்றத்தை விற்பனைப் பொருளாக்கும் ஆவேசமே இலக்கு. இந்த வேறுபாட்டைக் காண மறுத்தவர்களில் பெரும்பாலோர் அந்த ஆவேசத்தால் பிழைப்பவர்களாக இருந்தது தற்செயல் ஆகாது.

இந்த முறைமீது நியாயமான குற்றச்சாட்டுகள் உண்டு. அவற்றைத் தட்டிக்கழித்துவிட முடியாது. நல்ல காரியத்துக்கு உதவுகிறோம் என்று நம்பி வந்தவர்களை ஏமாற்றியது அறமா என்பது முதல் கேள்வி. பங்கேற்ற சிலர் இதையே கேட்டார்கள். ஒரு பாடகர் வழக்கறிஞரை நாடினார். ஏமாற்றுதல் ஏமாற்றுதல்தான். ஆனால் இங்கே ஏமாற்றியவர் உண்மையை மறைத்து வைக்கவில்லை. கையில் கொடுத்த தாளிலேயே அபத்தம் முழுவதும் எழுதப்பட்டிருந்தது. ஒருமுறை கவனித்து வாசித்தால் போதும்; ஒரு மருத்துவரைத் தொலைபேசியில் கேட்டால் போதும். கோடிக்கணக்கானோர் தம் சொல்லை நம்புவார்கள் என்று அறிந்த ஒருவர், அந்தச் சொல்லை வாசித்துப் பார்க்கும் பொறுப்பையாவது ஏற்க வேண்டாமா என்பதே நிகழ்ச்சி அவர்களிடம் வைத்த தேர்வு. எளிய மனிதர்களைத் தெருவில் மடக்கிக் கேலி செய்யும் ‘பிராங்க்’ காணொளிகளிலிருந்து இது வேறுபடும் இடமும் அதுவே. அங்கே ஏமாறுபவரிடம் அதிகாரம் இல்லை. இங்கே அதிகாரம் மட்டுமே இருந்தது.

இந்தச் சிக்கலை இந்தியச் சட்டம் வேறு வாசல் வழியாகக் கண்டுகொண்டது. 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், தவறான விளம்பரங்களில் தோன்றிப் பொருளைப் பரிந்துரைப்பவருக்கு 10 லட்சம் ரூபாய் வரை, மீண்டும் செய்தால் 50 லட்சம் வரை தண்டம் விதிக்க இடமளிக்கிறது. அவர் தம் அளவில் உரிய கவனத்துடன் சரிபார்த்திருந்தால் பொறுப்பிலிருந்து விடுபடலாம். பிரபலத்தின் முகம் ஒரு கடன்பத்திரம், அதைக் கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்திட்டுத் தருவது பிறருக்குத் தீங்கு என்பதைச் சட்டமே ஏற்கிறது. ஆனால் பற்பசைக்கும் சூதாட்டச் செயலிக்கும் தேவைப்படும் இந்தச் சரிபார்ப்பு, கருத்துக்குத் தேவைப்படுவதில்லை. 2021 பிப்ரவரியில், விவசாயிகள் போராட்டம் பற்றி அயல்நாட்டுப் பாடகி ஒருவர் ட்விட்டரில் எழுதியதும், இந்தியத் திரை, விளையாட்டுப் பிரபலங்கள் பலர் ஒரே ஹேஷ்டேக்குகளுடன் கருத்துச் சொன்னார்கள். சிலருடைய வாக்கியங்கள் சொல்லுக்குச் சொல் ஒன்றாக இருந்தன. அவர்கள் சொன்ன கருத்து சரியா தவறா என்பது இங்கே பொருட்டன்று. தாளை நீட்டினால் வாசிப்பார்கள் என்பதற்கு மஞ்சள் வில்லை தேவைப்படவில்லை என்பதே பொருட்டு.

2019-இல் ‘கோப்ராபோஸ்ட்’ இணைய இதழ், பணம் பெற்றுக்கொண்டு அரசியல் கட்சிகளுக்காகச் சமூக ஊடகங்களில் எழுத முப்பதுக்கும் மேற்பட்ட திரைப்பிரபலங்கள் ஒப்புக்கொண்டதாக மறைகாணொளிகளை வெளியிட்டது. அவர்களில் சிலர் அதை மறுத்தனர்; பேரத்துக்கே இணங்காமல் திருப்பியனுப்பிய ஒருசிலரும் இருந்தனர். இதை ‘பிராஸ் ஐ’யின் இந்திய வடிவம் என்று சொல்லத் தோன்றும். அப்படி அன்று. மறைகாணொளி ஒரு மனிதர் கதவை மூடிக்கொண்டு செய்வதைக் காட்டும். பார்ப்பவர் ‘இவர் இப்படியா’ என்று வியப்பார். அந்த மனிதர்மீது வெறுப்பு மிஞ்சும். பகடி, அவர் எல்லார் முன்னிலையிலும் நாள்தோறும் செய்வதையே மீண்டும் செய்யவைத்துக் காட்டும்; பார்ப்பவர் ‘இதையா இத்தனை நாள் நம்பினோம்’ என்று தம்மையே கேட்டுக்கொள்வார். முதலாவதில் அம்பலப்படுவது நபர். இரண்டாவதில் அம்பலப்படுவது பார்க்கும் பழக்கம்.

இந்தியத் தொலைக்காட்சியில் பகடிக்கு நல்ல தொடக்கம் இருந்தது. 1989-இல் தூர்தர்ஷனில் பத்துப் பகுதிகளாக வந்த ஜஸ்பால் பட்டியின் ‘ஃப்ளாப் ஷோ’வைப் பலரும் நினைவில் வைத்திருப்பது ஊழல் பற்றிய நகைச்சுவைக்காக. அதன் வடிவம் அதைவிடக் கூர்மையானது. பெயர்ப்பட்டியலில் ‘நெறியாள்கை’ என்று வரவேண்டிய இடத்தில் ‘நெறிதவறிய ஆள்கை’ என்ற பொருளில் பட்டியின் பெயர் வரும். ஒவ்வொரு பகுதியும் அது தாக்கவிருக்கும் கூட்டத்தாருக்கே பணிவுடன் காணிக்கையாக்கப்படும்: பழிகரப்பின் இலக்கணம் பிசகாத காணிக்கை. முனைவர் பட்ட ஆய்வாளரை வீட்டு வேலைக்கு வைத்துக்கொள்ளும் நெறியாளரைப் பற்றிய பகுதி, இன்றும் எந்த ஆய்வாளர் விடுதியில் திரையிட்டாலும் விளக்கவுரை வேண்டாத ஒன்று. மேடை ஏறித் தலைமை விருந்தினராக வேண்டும் என்ற வேட்கையைப் பற்றியும் ஒரு பகுதி உண்டு. தொலைக்காட்சித் தொடர் எடுப்போரைப் பற்றியும் உண்டு. அரசு அலைவரிசையில் அமர்ந்துகொண்டே அந்த அலைவரிசைக்குத் தொடர் தயாரிக்கும் கூத்தை அது காட்டியது. தனியார் அலைவரிசைகளின் காலம் பிறந்து நூற்றுக்கணக்கான அலைவரிசைகள் பெருகியபின், தன் வீட்டைத் தானே இப்படிக் காட்டிய நிகழ்ச்சிகள் அரிதாகிவிட்டன.

செய்தி அலைவரிசைகள் பகடியைக் கைவிடவில்லை. அதற்கு ஓர் அறை ஒதுக்கின. பிரிட்டனின் ‘ஸ்பிட்டிங் இமேஜ்’ போன்ற பொம்மலாட்டப் பகடிகளின் வழியில் என்.டி.டி.வி. இந்தியாவில் ‘குஸ்தாக்கி மாஃப்’ வந்தது, சி.என்.என்.-ஐ.பி.என்.-இல் சைரஸ் புரோச்சாவின் ‘தி வீக் தட் வாஸன்ட்’ வந்தது. இவற்றில் திறமைக்குக் குறைவில்லை. ஆனால் இவை பெரும்பாலும் அரசியல்வாதியின் குரலையும் நடிகரின் நடையையும் போலச்செய்தவை. போலச்செய்யப்படுவது தலைவருக்கு இழப்பன்று. எவர் குரல் நாடு முழுவதும் அடையாளம் தெரிகிறதோ அவர் குரலையே போலச்செய்ய முடியும் என்பதால் அது ஒருவகைப் பட்டமளிப்பு. பொம்மை செய்யப்படாத தலைவர் வருந்தியிருக்கக்கூடும். இரவு ஒன்பது மணி விவாதத்தில் எட்டுச் சதுரங்களில் எட்டுப் பேர் ஒருசேரக் கத்தும் வடிவத்தை, அதே அலைவரிசையின் பகடி அரைமணி நேரம் ஆராய்ந்து சிதைத்ததாகச் சொல்லிக்கொள்ள அதிகம் இல்லை.

தமிழில் ஒரு விதிவிலக்கைக் குறிப்பிட வேண்டும். இரண்டாயிரத்தின் முதல் பத்தாண்டில் விஜய் தொலைக்காட்சியில் ராம்பாலா இயக்கத்தில் வந்த ‘லொள்ளு சபா’ திரைப்படங்களைப் பகடி செய்தது. அதன் சிறந்த பகுதிகளில் நடிகரைப் போலச்செய்வது துணைக்கருவியாகவே இருந்தது. நாயகனின் அறிமுகக் காட்சியில் தூசு ஏன் பறக்க வேண்டும், ஒரு வசனத்தை ஏன் மூன்று கோணங்களில் மூன்று முறை காட்ட வேண்டும், அடியாட்கள் ஏன் வரிசையில் காத்திருந்து ஒவ்வொருவராக அடிவாங்க வேண்டும் என்று அது நட்சத்திர வழிபாட்டின் தச்சுவேலையைப் பிரித்துக் காட்டியது. அதைப் பார்த்து வளர்ந்த ஒரு தலைமுறைக்கு அந்தக் காட்சிகளைப் பழைய பக்தியுடன் பார்ப்பது கடினமாயிற்று. பின்னாளில் வணிகத் திரைப்படமே அந்தக் கிண்டலை உள்வாங்கித் தன் நாயகர்களைச் சற்றே கண்சிமிட்டவைத்ததும் அதே ஊற்றிலிருந்து வந்ததுதான். ஆனால் அதன் எல்லை திரைப்படம். செய்தியறையின் வாசலை அது தாண்டவில்லை. அதற்கான கட்டாயமும் அன்று அதற்கு இல்லை.

இன்று பிரபலங்கள் பகடியை அஞ்சுவதில்லை, வரவேற்கிறார்கள். 2014 டிசம்பரில் மும்பையில் நடந்து அடுத்த மாதம் இணையத்தில் வெளியான ஏ.ஐ.பி. ‘ரோஸ்ட்’ நிகழ்ச்சியில் திரைநட்சத்திரங்கள் தாமே மேடையேறி வசையை வாங்கிக்கொண்டார்கள். பின்னர் வந்த வழக்குகள் அதன் ஆபாசச் சொற்களைப் பற்றியவை. அதைவிட முக்கியமான ஒன்று பேசப்படாமல் போயிற்று: தன்னைத்தானே கேலி செய்துகொள்ளும் நட்சத்திரம் மேலும் விரும்பத்தக்கவராகிறார். 2025-இல் வெளியான ‘தி பேட்ஸ் ஆஃப் பாலிவுட்’ தொடர் இந்தித் திரையுலகின் வாரிசு முறையைக் கிண்டல் செய்கிறது. அதை இயக்கியவர் ஷாருக் கானின் மகன் ஆர்யன் கான், தயாரித்தது அவர்கள் குடும்ப நிறுவனம். தொடரின் சுவை ஒருபுறம் இருக்கட்டும். கேலிக்குரிய பொருளும் கேலி செய்யும் உரிமையும் ஒரே வீட்டில் இருக்கும்போது, கேலி அந்த வீட்டுக்கு இன்னொரு சாளரம் ஆகிறது, இடிபாடு ஆவதில்லை.

இதெல்லாம் வெறும் கலைவிவாதமாக இருந்தால் இவ்வளவு அழுத்திச் சொல்லத் தேவையில்லை. 2020 ஜூன் 14 அன்று நடிகர் சுஷாந்த் சிங் ராஜ்புத் மும்பையில் இறந்தபின் நடந்ததை நினைத்துப் பார்க்க வேண்டும். பெருந்தொற்றில் மனிதர்கள் செத்துக்கொண்டிருந்த மாதங்களில், செய்தித் தொலைக்காட்சிகளின் மாலைகள் ஒரே மரணத்தால் நிரம்பின. அவருடைய தோழியான நடிகை ஒவ்வோர் இரவும் அரங்குகளில் குற்றவாளியாக அறிவிக்கப்பட்டார். விசாரணைக்குச் சென்றபோது ஒலிவாங்கிகளுக்கும் ஒளிப்பதிவுக் கருவிகளுக்கும் இடையில் நெருக்கித் தள்ளப்பட்டார். போதைப்பொருள் வழக்கில் கைதாகி ஏறத்தாழ ஒரு மாதம் சிறையில் இருந்தார். 2021 ஜனவரியில் பம்பாய் உயர்நீதிமன்றம், ஊடக விசாரணை நீதிபரிபாலனத்தில் குறுக்கிடுகிறது என்று தீர்ப்பில் கூறியது. மரணம் தொடர்பான விசாரணையை முடித்துக்கொள்ளும் அறிக்கையை சி.பி.ஐ. 2025 மார்ச்சில் தாக்கல் செய்தது. இடைப்பட்ட ஆண்டுகளை அந்தப் பெண்ணுக்கு எந்த அலைவரிசையும் திருப்பித் தர இயலாது.

அந்த மாதங்களில் நாடெங்கும் நகைச்சுவைக் கலைஞர்கள் சும்மா இருக்கவில்லை. கத்தும் நெறியாளரைப் போலக் கத்திக்காட்டிய காணொளிகள் லட்சக்கணக்கில் பார்க்கப்பட்டன. அவை நெறியாளரை இன்னும் பெரிய பிரபலமாக்கின. பார்த்தவர் சிரித்துவிட்டு, அசலையும் ஒருமுறை பார்க்கச் சென்றார். கேலி செய்தவருக்கும் கேலி செய்யப்பட்டவருக்கும் பார்வை எண்ணிக்கை கூடியது. செம்பொருள் அங்கதம் இந்தச் சந்தையில் தோற்றுப்போகும் இடம் இதுதான்: அது யாரைப் பழிக்கிறதோ அவரைப் பெயர்சொல்லிப் பழிக்கிறது, பெயரே அங்கே நாணயம்.

வடிவத்தைத் தாக்கும் பகடி ஏன் இங்கே வேர்விடவில்லை என்பதற்குக் காரணங்கள் ஒன்றல்ல. அவதூறு இந்தியாவில் இன்றும் குற்றவியல் சட்டத்தின்கீழ் தண்டிக்கத்தக்கது; வழக்குக்காக ஊர் ஊராக அலைவதே தண்டனையாகிவிடும். செய்தி அலைவரிசையும் பொழுதுபோக்கு அலைவரிசையும் ஒரே குழுமத்தின் கையில் இருப்பது வழக்கமாகிவிட்டது. புதிய படத்தின் வெளியீட்டுக்கு நட்சத்திரம் அரங்குக்கு வந்தாக வேண்டும். வந்தவரைப் பகைத்துக்கொண்டால் அடுத்தவர் வரமாட்டார். சேனல் 4 பொதுவுடைமையான நிறுவனம். புதியதைச் செய்து பார்ப்பது அதற்குச் சட்டம் வகுத்த கடமை. அங்கேயும் ‘பிராஸ் ஐ’ எளிதாக வரவில்லை. 1996 இறுதியில் வரவேண்டிய தொடரை அலைவரிசையின் தலைமை ஒத்திவைத்தது. சில பகுதிகளில் வெட்டு விழுந்தது. கடைசிப் பகுதியில் ஒரே ஒரு சட்டகத்தில் தலைவரைத் திட்டும் வாசகத்தை மாரிஸ் செருகி வைத்தார். ஆயினும் நிகழ்ச்சி ஒளிபரப்பானது. ஆத்திரப்பட்டுக்கொண்டாவது வெளியிட்ட ஒரு நிறுவனம் இல்லாமல் அந்தக் கலை இல்லை. தனிக்கலைஞரின் துணிச்சலைப் புகழும் கட்டுரைகள் மறந்துவிடும் பக்கம் இது.

பகடி சீர்திருத்தம் கொண்டுவரும் என்று யாரும் நம்ப வேண்டியதில்லை. ‘பிராஸ் ஐ’ பிரிட்டிஷ் இதழியலைத் திருத்தவில்லை. ‘நியூஸ் ஆஃப் தி வேர்ல்டு’ அதன்பின்னும் பத்தாண்டுகள் வெளிவந்தது. தொலைபேசி ஒட்டுக்கேட்பு ஊழல் வெடித்தபின்பே, 2011 ஜூலையில் மூடப்பட்டது. இன்றைய சூழலில் வேறொரு ஆபத்தும் உண்டு. முழு நிகழ்ச்சியிலிருந்து முப்பது நொடித் துணுக்காக வெட்டப்பட்ட பகடி, கைபேசிக் குழுக்களில் உண்மைச் செய்தியாகவே சுற்றும். செயற்கை நுண்ணறிவு எவர் முகத்தையும் எதையும் வாசிக்கவைக்கும் இந்நாளில், ‘பிரபலம் அபத்தத்தை வாசித்தார்’ என்ற காணொளியே சான்றாகாது. மாரிஸின் முறையை அப்படியே நகலெடுக்க முயல்வோர் இதை எண்ணிப் பார்த்தாக வேண்டும்.

ஆனால் அந்த முறை கற்பித்த கேட்கும் பழக்கம் காலாவதியாகவில்லை. ஊடகவியல் துறைகள் அதை வகுப்பறையிலேயே தொடங்கலாம். 2018 பிப்ரவரியின் செய்தித் தொகுப்பு ஒன்றை முதலில் ஒலியை நிறுத்திவிட்டு ஓடவிட வேண்டும். பிறகு படத்தை மறைத்துவிட்டு இசையையும் குரலையும் மட்டும் கேட்க வேண்டும். அதன்பின் சொல்லப்பட்ட வாக்கியங்களை மட்டும் தாளில் எழுதிப் படிக்க வேண்டும். தாளில் எஞ்சுவது மிகக் குறைவாகவே இருக்கும்: ஒரு பெண் இறந்தார், எப்படி என்று இன்னும் தெரியவில்லை. மற்றவை அனைத்தும் இசை, சுழலும் எழுத்து, வரைகலைத் தொட்டி.

அந்தத் தொட்டிக்குள் படுத்த செய்தியாளரைப் பார்த்துத்தான் நாடு சிரித்தது. அவரைக் கேலி செய்வது எளிது. அவர் முகம் திரையில் தெரிந்தது. தொட்டியைக் காட்டலாம் என்று எந்தக் கூட்டத்தில் முடிவாயிற்று, அதை மறுத்துப் பேச அந்த அறையில் யாருக்காவது இடம் இருந்ததா, அந்த நேரத்து விளம்பரங்கள் என்ன விலைக்குப் போயின என்பவை திரையில் தெரியவில்லை. நல்ல ஊடகப் பகடி அந்த அறைக்குள் நுழையும். அதுவரை கேலி, தொட்டியில் படுத்தவர்மீதே விழுந்துகொண்டிருக்கும்.